ஜாவாவில் ஒரு குட்டிச்சுவர்: ஏழு நாள் குறிப்புகள்

முதல் நாள், வெள்ளி, 2025 அக்டோபர் 24. ஜகார்த்தா

தீபாவளி முறுக்கு டப்பாவின் அடி தெரிவதற்குள் கிளம்பிவிட்டோம், நானும் அண்ணன் மகளும். எனக்கு வயது 48, அவளுக்கு 20. நான் மதுரையில் ஓர் அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துகிறேன். அவள் கோவில்பட்டியில் இளங்கலை படிக்கிறாள். கொரிய நாடகங்களைப் பார்த்துப் பார்த்து அந்த எழுத்தையே கூட்டிப் படிக்கப் பழகிவிட்டாள். போரோபுதூர், பிரம்பானான் என்று கோயில் கோயிலாக நான் போட்டிருந்த திட்டத்தைக் கலைத்தவள் அவள்தான். "கல் எங்கேயும் ஓடிவிடாது அத்தை. இந்த முறை ஆட்களைப் பார்க்கலாம்" என்றாள். ஆட்கள் என்று அவள் சொன்னது அவள் வயதுக்காரர்களை.

விமான நிலையத்தில் விசாவுக்கு ஆளுக்கு 5 லட்சம் ரூபியா. அந்தத் தொகையைக் கேட்டதும் நெஞ்சை அடைத்தது. நம் பணத்தில் 2,700 ரூபாய்க்குள்தான் வருகிறது. அங்கிருந்து ரயில் ஏறி நகரத்துக்குள் இறங்கினால் டுக்கு அதாஸ். மெட்ரோ, புறநகர் ரயில், விமான நிலைய ரயில், பஸ் எல்லாம் வந்து முட்டிக்கொள்ளும் சந்திப்பு. சுற்றிலும் கண்ணாடிக் கட்டடங்கள், கழுத்தில் அடையாள அட்டை தொங்கவிட்ட அலுவலகக் கூட்டம்.

2022 ஜூலையில் இந்தச் சந்திப்பின் ஒரு வரிக்கோட்டுக் கடவையைப் புறநகர்ப் பிள்ளைகள் பிடித்துக்கொண்டார்கள். சிதாயம், போஜோங் கெடே, டெபோக் என்று தெற்கே ஒரு மணி நேர ரயில் தூரத்து ஊர்களிலிருந்து 4,000, 5,000 ரூபியா டிக்கெட்டில் வந்தவர்கள். பெரும்பாலும் பதின்ம வயது. சந்தையில் வாங்கிய பழைய சட்டையையும் அகலக் கால்சட்டையையும் மாட்டிக்கொண்டு, சிவப்பு விளக்கு விழுந்ததும் வண்டிகளுக்கு முன்னால் ஒயிலாக நடந்து காட்டினார்கள். சாலை மேடையாகிவிட்டது. 'சிதாயம் ஃபேஷன் வீக்' என்று பெயர் வந்தது. பக்கத்தில் எஸ்.சி.பி.டி. என்ற நான்கெழுத்துச் சுருக்கப்பெயரில் ஒரு பணக்கார அலுவலக வட்டாரம் உண்டு. அதே நான்கெழுத்துக்குப் பிள்ளைகள் சுதிர்மான், சிதாயம், போஜோங் கெடே, டெபோக் என்று புது விரிவு கொடுத்துவிட்டார்கள். அச்சகத்தில் காலம் தள்ளுகிறவள் என்பதால் இந்தக் குறும்பு எனக்குக் கூடுதலாகவே பிடித்தது.

பிறகு நடந்தது எந்த ஊரிலும் நடப்பதுதான். ஆளுநர் வந்து நடந்தார், நடிகர்கள் வந்து நடந்தார்கள். பிரபலம் ஒருவரின் நிறுவனம் அந்தப் பெயரையே வணிக முத்திரையாகப் பதிவு செய்ய விண்ணப்பித்தது. ஊர் கொதித்ததும் திரும்பப் பெற்றுக்கொண்டது. போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று போலீஸ் வந்தது. பிள்ளைகள் கலைந்தார்கள்.

இன்று மாலை அந்தக் கடவையில் நானும் நடந்தேன். யாரும் படம் எடுக்கவில்லை. ஆனால் பக்கத்துச் சுரங்கப் பாதையிலும் நடைமேடை ஓரத்திலும் பையன்களும் பெண்களும் இன்னும் உட்கார்ந்திருக்கிறார்கள். சைக்கிளில் காப்பி விற்பவர் வந்து நிற்கிறார். கைப்பிடியிலிருந்து காப்பித்தூள் சிறு பொட்டலங்கள் சரம் சரமாக மாலைபோல் தொங்குகின்றன. பின்னால் வெந்நீர்க் குடுவைகள், ஒரு பெட்டியில் ஐஸ். பொட்டலத்தைப் பல்லால் கிழித்து, பிளாஸ்டிக் குவளையில் கொட்டி, கால் குவளை வெந்நீரில் கரைத்து, மேலே ஐஸை நிரப்பித் தருகிறார். 5,000 ரூபியா, ஏறக்குறைய 27 ரூபாய். இவர்களுக்கு ஊர் வைத்திருக்கும் பெயர் ஸ்டார்லிங். ஸ்டார்பக்ஸில் பாதி, சுற்றித் திரிதல் என்று பொருள்படும் 'கெலிலிங்' என்ற சொல்லில் பாதி.

இப்படி உட்கார்ந்திருப்பதற்கு இங்கே ஒரு வினைச்சொல்லே இருக்கிறது: நோங்க்ரோங். குந்தியிருத்தல் என்பது வேர்ப்பொருள். வேலை ஒன்றும் இல்லாமல் கூடி உட்கார்ந்து பேசுவது நடைமுறைப் பொருள். நம் ஊரில் இதற்கென்று குட்டிச்சுவர் இருந்தது. அங்கே உட்கார்ந்த பையன்களைத்தான் "குட்டிச்சுவராகப் போகிறான்" என்று திட்டினோம். பெண்களைத் திட்டியதே இல்லை. அவர்களை அங்கே உட்காரவிட்டால்தானே திட்டுவதற்கு.

இரவு ஒன்பதரை மணி. தலையில் முக்காடு அணிந்த மூன்று பெண்கள் ஒரே குவளையில் மூன்று உறிஞ்சுகுழல் போட்டுச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். காப்பிக்காரர் என்னை 'பூ' என்று அழைத்தார், அம்மா என்ற பொருளில். அண்ணன் மகளை 'காக்' என்றார், அக்கா. அவருக்கு என்னைவிடப் பத்து வயதாவது கூட இருக்கும்.

இரண்டாம் நாள், சனி, அக்டோபர் 25. ஜகார்த்தா

இன்றைய இரவுக்கு இவர்கள் வைத்திருக்கும் பெயர் 'மாலாம் மிங்கு', அதாவது ஞாயிற்றின் இரவு. சனிக்கிழமை பொழுது சாய்ந்ததுமே ஞாயிறு தொடங்கிவிடுவதாகக் கணக்கு. காதலர்கள் வெளியே போகும் இரவு இது. துணை இல்லாதவருக்கு 'ஜோம்ப்லோ' என்று பெயர். அவர் இன்று வீட்டில் இருந்தால் நண்பர்கள் சும்மா விடுவதில்லை. "நாம் இரண்டு ஜோம்ப்லோ" என்றாள் அண்ணன் மகள். நாற்பத்தெட்டு வயதில் இப்படி ஒரு பட்டம்.

மெட்ரோவில் ப்ளோக் எம். கெபாயோரான் பாரு நகர்ப்பகுதியை எழுத்து வரிசையில் பகுதி பகுதியாகத் திட்டமிட்டபோது கிடைத்த பெயர். எண்பதுகளில் இங்கே மெலாவாய் தெருவில் மாலை உலா வருவதே இளைஞர்களின் பெருமையாக இருந்தது. பிறகு பெரிய அங்காடிகள் வேறு பக்கம் முளைத்ததில் இடம் சோர்ந்தது. 2019-இல் பணத்தாள் அச்சடிக்கும் அரசு நிறுவனமான பெருரியின் பழைய ஊழியர் குடியிருப்பை இசைக்கூடம், கடைகள், காப்பிக்கடைகள் என்று மாற்றி 'எம் ப்ளோக்' என்று திறந்தார்கள். அதே ஆண்டில் மெட்ரோவும் வந்தது. இப்போது திருவிழாக் கூட்டம். ஒரு அங்காடியின் அடித்தளத்தில் பழைய புத்தகக் கடைகளும் இசைத்தட்டுக் கடைகளும் இருக்கின்றன. அங்கே நான் ஒரு மணி நேரம் தொலைந்து போனேன். ஒட்டுத்தாளில் பெயர் மங்கிப்போன ஒலிநாடாவைப் பதினெட்டு வயதுப் பையன் ஒருவன் விளக்கு வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தான். வாங்கவில்லை. போனவன் திரும்பி வந்தான். அப்போதும் வாங்கவில்லை.

பெரிய சட்டை, அகலக் கால்சட்டை, தோளில் துணிப்பை, ஏதோ ஓர் இசைக்குழுவின் பெயர் அச்சிட்ட பனியன். இந்தக் கோலத்தில் வருகிறவர்களுக்கு 'ஸ்கேனா' என்று பெயர். இவர்களை அதட்டிக் கேள்வி கேட்கும் கற்பனைக் காவலருக்கு 'ஸ்கேனா போலீஸ்'. "பனியனில் இருக்கும் குழுவின் மூன்று பாட்டைச் சொல்" என்பது அந்தப் போலீஸின் வாடிக்கையான கேள்வி. இதை நான் கதையென்று நினைத்தேன். காப்பிக்கடை வரிசையில் நின்றபோது பின்னால் நின்ற பெண் சிரித்துக்கொண்டே அண்ணன் மகளிடம் அதையே கேட்டாள். இவள் விழித்தாள். அது இசைக்குழுவின் பெயர் என்பதே இவளுக்குத் தெரியாது. திருப்பூரில் ஏற்றுமதியில் கழித்த பனியன்கள் விற்கும் கடையில் 150 ரூபாய்க்கு எடுத்தது.

"பாட்டு ஒன்றும் தெரியாது. ஆனால் இதைத் தைத்த ஊர் எங்கள் மாநிலத்தில்தான் இருக்கிறது" என்றாள்.

அந்தப் பெண் பனியனின் கழுத்துப் பட்டையைத் திருப்பிப் பார்த்தாள். 'இந்தியாவில் தயாரிக்கப்பட்டது' என்று இருந்தது. பிறகு தன் பனியனையும் தோழியை விட்டுப் பார்க்கச் சொன்னாள். அதில் வங்கதேசம். வழக்கு அத்தோடு தள்ளுபடி ஆகி, நால்வரும் படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டோம். என்னை அவர்கள் 'தாந்தே' என்றார்கள். டச்சுக்காரர் விட்டுப்போன சொல், பொருள் அத்தை. பூவுக்கு இது எவ்வளவோ மேல்.

வாங்கிய காப்பி 'கோப்பி சூசூ குலா ஆரேன்'. காப்பி, பால், பனைவெல்லம், ஐஸ். நம் பனை வேறு, இங்கே ஆரேன் என்ற வேறு வகைப் பனை. நாக்குக்கு அது தெரிவதில்லை. 2015-இல் தெற்கு ஜகார்த்தாவின் சிபேத்தேயில் 'துக்கு' என்ற சின்னக் கடை இதை எல்லோருக்கும் கட்டுப்படும் விலையில் விற்கத் தொடங்கியது. அடுத்த சில ஆண்டுகளில் நாடே குடிக்க ஆரம்பித்தது. கோவில்பட்டியில் என் பாட்டி விடிகாலையில் குடித்த கருப்பட்டிக் காப்பியை நாங்கள் ஏழைகளின் காப்பி என்று ஒதுக்கிச் சீனிக்கு மாறினோம். இங்கே அதற்கு வரிசையில் நிற்கிறேன். பாட்டியாக இருந்தால் ஐஸைத் துப்பியிருப்பாள்.

படிக்கட்டில் எனக்கு மொழி வகுப்பு நடந்தது. இவர்கள் எதையும் முழுதாகச் சொல்வதில்லை. அசையச் சோம்பல் என்பதற்கு 'மாலாஸ் கெராக்'. அது 'மாகெர்' ஆகிவிட்டது. காதலுக்கு அடிமை, 'புடாக் சிந்தா', அது 'பூச்சின்'. மனத்தைக் கொட்டுதல், 'சுராஹான் ஹாத்தி', அது 'சுர்ஹாத்'. அரசாங்கமும் இதே பழக்கம்தான்: ஜகார்த்தா, போகோர், டெபோக், தாங்கெராங், பெகாசி ஐந்தையும் சேர்த்து 'ஜபோடெதாபெக்' என்று ஒரே மூச்சில் சொல்கிறார்கள். பெரியவர்கள் கோப்புக்காகச் சுருக்குகிறார்கள், பிள்ளைகள் கேலிக்காகச் சுருக்குகிறார்கள். 'நான், நீ' என்பதற்கு ஜகார்த்தா இளைஞர்கள் சொல்லும் 'குவே, லோ' இரண்டும் சீன ஹொக்கியன் மொழியிலிருந்து வந்தவை. பதிலுக்கு நான் அவர்களுடைய 'கெடாய்' எங்கள் கடை, 'கப்பால்' எங்கள் கப்பல், தொழிலுக்குப் போடும் 'மோடால்' எங்கள் முதல் என்றேன். நம்பவில்லை. கைபேசியில் தேடி, அகராதியைப் பார்த்த பிறகு நம்பினார்கள்.

மூன்றாம் நாள், ஞாயிறு, அக்டோபர் 26. ஜகார்த்தா

ஞாயிறு காலையில் சுதிர்மான், தம்ரின் சாலைகளில் வண்டி கிடையாது. ஊரே ஓடுகிறது, அல்லது ஓடும் உடையில் நிற்கிறது. போன ஆண்டு இங்கே ஒரு புதுத் தொழில் பேசப்பட்டது: ஓட்டத்தைப் பதிவு செய்யும் ஸ்ட்ராவா செயலியில் உங்கள் பெயரில் வேறொருவர் ஓடித் தருவார். கிலோமீட்டருக்கு இவ்வளவு, வேகத்துக்கு இவ்வளவு என்று கூலி. நேர்த்திக்கடனுக்கு ஆள் வைத்து மொட்டை போட்டதாகக்கூட நான் கேள்விப்பட்டதில்லை.

பத்து மணிக்கு செனேன் சந்தை. திங்கட்கிழமை கூடியதால் வந்த பெயராம்; குமரி மாவட்டத்தின் திங்கள்சந்தைக்கு உறவு. பழைய துணியின் தலைநகரம் இது. கொரியா, ஜப்பான் போன்ற நாடுகளில் கழித்த துணிகள் பெரிய பேல்களாகக் கட்டி வந்து இறங்குகின்றன. இறக்குமதி சட்டப்படி தடை. 2023-இல் உள்ளூர்த் துணித் தொழில் அழிகிறது என்று அன்றைய அதிபர் ஜோகோவியே கண்டித்து, பிடிபட்ட பேல்களைத் தீயிட்டுக் கொளுத்தினார்கள். இன்று போனால் நடக்க வழியில்லாத அளவு கூட்டம். அரசு சொல்வதில் நியாயம் இருக்கிறது. திருப்பூர்க்காரரைக் கேட்டாலும் அதையேதான் சொல்வார். ஆனால் 35,000 ரூபியாவில் ஒரு மேல்சட்டை கிடைக்கிற இடத்தை விட்டுவிட்டு சிதாயத்துப் பிள்ளை வேறு எங்கே போவான்?

வாசனையைச் சொல்ல வேண்டும். அந்துருண்டை, ஈரச் சாக்கு, வேற்று நாட்டுச் சோப்பு மூன்றும் கலந்த ஒரு நெடி. அண்ணன் மகள் குவியலுக்குள் முழங்கை வரை கையை விட்டு ஒரு கருநீல விளையாட்டுச் சட்டையை இழுத்தாள். ஏதோ பள்ளியின் சீருடை. இடப்பக்க மார்பில் மஞ்சள் நூலில் மூன்று கொரிய எழுத்துகள். அவள் விரல் வைத்துக் கூட்டிப் படித்தாள். முதல் எழுத்து கிம். மற்ற இரண்டும் அந்தப் பிள்ளையின் சொந்தப் பெயர். உள்பக்கத்தில் ஒரு கிழிசலைக் கையால் தைத்திருந்தார்கள். நெருக்கமான, சீரான தையல், அந்தப் பிள்ளையின் அம்மாவோ பாட்டியோ போட்டதாக இருக்க வேண்டும். "இதைப் பிரித்துவிட்டுத் தரவா?" என்று கடைக்காரர் பெயரைக் காட்டிச் சைகை செய்தார். வேண்டாம் என்று தலையாட்டினாள்.

அங்கிருந்து நடக்கிற தூரத்தில் கிராமாட் ராயா 106. 1928 அக்டோபர் 28 அன்று இளைஞர் மாநாட்டின் கடைசி அமர்வு நடந்த வீடு, இப்போது அருங்காட்சியகம். நான் ஏதோ பெரிய மண்டபத்தை எதிர்பார்த்தேன். ஓடு வேய்ந்த சாதாரண வீடு. சீ கோக் லியோங் என்ற சீனருக்குச் சொந்தமானது; மாணவர்கள் வாடகைக்குத் தங்கிப் படித்த விடுதி. சூதாட்டப் பலகைகளும் தூக்கமும் அரசியலும் ஒன்றாய்க் கிடந்திருக்கும். அங்கேதான் ஒரே தாய்நாடு, ஒரே இனம் என்று உறுதி எடுத்தார்கள். மூன்றாவது உறுதியை எல்லோரும் 'ஒரே மொழி' என்று சொல்லிவிடுகிறார்கள். மூலம் அப்படி இல்லை. 'ஒற்றுமையின் மொழியாக இந்தோனேசிய மொழியைப் போற்றுகிறோம்' என்றுதான் இருக்கிறது. வீட்டுமொழிகளை விடச் சொல்லவில்லை. மிக அதிகம் பேர் பேசிய ஜாவா மொழியை வைக்காமல் மலாயை எடுத்துக்கொண்டார்கள். ஒரு சொல்லில் எவ்வளவு இருக்கிறது என்று மெய்ப்பு பார்க்கிறவளுக்குத் தெரியும்.

அன்றுதான் இன்றைய நாட்டுப்பண்ணை, அதை இயற்றிய சுப்ரத்மான் முதன்முதலாக வாசித்தார். டச்சு அரசின் ஆட்கள் கவனித்துக்கொண்டிருந்ததால் சொற்களைப் பாடாமல் வயலினில் மட்டும். அந்த வயலின் கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கிறது. அண்ணன் மகள் கிம் சட்டையைப் போட்டுக்கொண்டு அதன் முன் நின்றாள். "இவர்களும் விடுதியில் வெட்டிப் பேச்சுப் பேசியவர்கள்தானே அத்தை?" என்றாள். சத்தமில்லாமல் பேசு என்று சொன்னேன்.

நான்காம் நாள், திங்கள், அக்டோபர் 27. பாண்டுங்

2023 அக்டோபரில் தொடங்கிய அதிவேக ரயில். பெயர் 'ஊஷ்'; அதற்கும் ஒரு விரிவு வைத்திருக்கிறார்கள். மணிக்கு 350 கி.மீ. காட்டியது. தண்ணீர்ப் பாட்டிலைத் திறந்து மூடுவதற்குள் இறங்கச் சொல்லிவிட்டார்கள்.

1955-இல் ஆசிய, ஆப்பிரிக்க நாடுகளின் மாநாட்டுக்காக நேருவும் சுகர்ணோவும் கூடிய பாண்டுங் எனக்குத் தெரியும். அவளுக்கு வேண்டிய பாண்டுங் வேறு. தொண்ணூறுகளில் சறுக்குப்பலகை ஓட்டிய, கிட்டார் வாசித்த பையன்கள் தாங்களே பனியன் அச்சிட்டு விற்ற சிறு கடைகளுக்கு 'டிஸ்ட்ரோ' என்று பெயர். 1997-98 பொருளாதார நெருக்கடியில் ரூபியா சரிந்து வெளிநாட்டுத் துணி கைக்கு எட்டாமல் போனதும் இந்தக் கடைகள் செழித்தன. ட்ருனோஜோயோ தெருவில் இன்னும் வரிசையாக இருக்கின்றன. நகரின் கிழக்கே ஊஜுங்பெருங், ஆலைகள் சூழ்ந்த பகுதி. அங்கேதான் இடிபோன்ற மெட்டல் இசை வேர்விட்டது. மேலும் கிழக்கே காருட் பகுதியில் 2014-இல் மூன்று பள்ளி மாணவிகள் முக்காட்டோடு அந்த இசையை வாசிக்கத் தொடங்கினார்கள். குழுவின் பெயரில் இருக்கும் 'பாச்செப்ரோட்' என்பதற்கு சுண்டா மொழியில் சத்தக்காடு என்று பொருள். 2024-இல் இங்கிலாந்தின் கிளாஸ்டன்பரி விழாவில் ஏறிய முதல் இந்தோனேசியக் குழு அவர்கள்தான். "முக்காடு போட்டவள் இதை வாசிக்கலாமா" என்று ஊரில் ஒரு பக்கமும், "இதை வாசிக்கிறவளுக்கு முக்காடு எதற்கு" என்று வெளியூரில் இன்னொரு பக்கமும் கேட்டிருக்கிறார்கள். இரண்டு கேள்வியையும் கேட்கிறவர்கள் கிட்டார் என்ன சொல்கிறது என்று கேட்பதில்லை.

இரவு செப்லாக். அப்பளம் போன்ற வற்றலைப் பொரிக்காமல் மசாலாவில் ஊறவைத்து வேகவைப்பார்கள். முட்டை, கோழிக்கால், மிளகாய், அதோடு கெஞ்சூர் என்ற கிழங்கு, நம் நாட்டு மருந்துக்கடையில் கச்சோலம் என்று கிடைப்பது. காரத்துக்குப் படிநிலை உண்டு. பள்ளிச் சீருடைப் பெண்கள் மூன்று, நான்கு என்று கேட்டு வாங்கினார்கள். விளாத்திகுளம் மிளகாயில் வளர்ந்த வாய் இது என்று நான் ஐந்து கேட்டேன்.

ஐந்தாம் நாள், செவ்வாய், அக்டோபர் 28. பாண்டுங்

படுக்கை.

தங்கியிருக்கும் வீட்டுப் பெண்ணுக்கு 22 வயது. என் முகத்தைப் பார்த்ததும் "மாசுக் அங்கின்" என்றாள்: காற்று புகுந்துவிட்டது. வாயுக்கோளாறு என்று என் அம்மா சொல்லுகிற அதே தொனி. காற்றை விரட்டு என்று பெயர் வைத்த மூலிகைச் சாற்றுப் பொட்டலம் ஒன்றைக் கிழித்துக் கொடுத்தாள். இங்கே வாலிபப் பிள்ளைகள் பையில் வைத்திருக்கிறார்கள். இஞ்சியும் புதினாவும் தேனும் தொண்டையை எரித்துக்கொண்டு இறங்கின. நாணயத்தால் முதுகைச் சிவக்கச் சுரண்டுகிற வைத்தியமும் உண்டாம். வேண்டாம் என்று கும்பிட்டேன்.

காலையில் எங்கோ பள்ளியிலிருந்து நாட்டுப்பண் கேட்டது. இன்று இளைஞர் உறுதிமொழி நாள். இந்த முறை சொற்களோடு.

நடுப்பகலில் அந்தப் பெண் ஆகஸ்ட் மாதத்தைப் பற்றிச் சொன்னாள். சுதந்திர தினத்துக்கு முன்பு லாரிக்காரர்களும் இளைஞர்களும் தேசியக் கொடியோடு ஒரு ஜப்பானியச் சித்திரக்கதையின் கடற்கொள்ளையர் கொடியையும் பறக்கவிட்டார்கள். வைக்கோல் தொப்பி போட்ட மண்டையோடு. அதைத் தேசவிரோதம் என்று சில அதிகாரிகள் சொன்னதும் கொடி இன்னும் அதிகமானது. பிறகு நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு மாதம் 5 கோடி ரூபியா வீட்டுப்படி என்ற செய்தி வந்தது. இந்த ஆண்டு ஜகார்த்தாவில் குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 54 லட்சத்துக்குச் சற்றுக் குறைவு. தெருவில் இறங்கினார்கள். ஆகஸ்ட் 28 இரவு, செயலி வழியாக மோட்டார் சைக்கிள் ஓட்டிப் பிழைத்த 21 வயது இளைஞர் ஒருவர் மேல் போலீஸின் கவச வாகனம் ஏறியது. அவர் இறந்தார். அந்த ஓட்டுநர்களின் மேலங்கிப் பச்சையையும், போலீஸ் வரிசைக்கு முன்னால் தனியாக நின்ற ஒரு பெண்ணின் முக்காட்டு இளஞ்சிவப்பையும் எடுத்து, தங்கள் முகப்புப் படங்களுக்கு நாடெங்கும் சாயம் பூசிக்கொண்டார்கள்.

தன் கைபேசியைக் காட்டினாள். இன்னும் அவள் அந்தப் படத்தை மாற்றவில்லை. இரண்டு நிறத்தில் அவள் முகம்.

"எங்கே கூடினீர்கள்?" என்று கேட்டேன்.

"எப்போதும் கூடும் இடத்தில்தான் பூ" என்றாள்.

ஆறாம் நாள், புதன், அக்டோபர் 29. யோக்யகார்த்தா

பகல் முழுக்க ரயில். மலைச்சரிவில் படிப்படியாக வயல். வயிறு தேவலை. எதிர் இருக்கையில் ஒரு பையன் ஆறு மணி நேரம் கைபேசியில் சண்டை விளையாட்டு ஆடினான். அவன் நண்பர்கள் வெவ்வேறு ஊரிலிருந்து அதே ஆட்டத்தில். இதற்கும் சுருக்கம் உண்டு, 'மாபார்': சேர்ந்து ஆடுதல். குகைப் பாதையில் இணைப்பு அறுந்ததும் அவன் முகத்தில் தெரிந்த துக்கம் பிள்ளையைத் தொலைத்த தாயிடம் நான் பார்த்தது.

யோக்யா படிக்க வந்தவர்களின் ஊர். அவர்கள் தங்கும் அறைகளுக்கு 'கோஸ்'. திருவல்லிக்கேணி மேன்ஷன் என்று நினைத்துக்கொள்ளலாம். கோஸ் இருக்கும் தெருவில் 'புர்ஜோ' இருக்கும். பச்சைப்பயறுக் கஞ்சி என்ற மூன்று சொல்லின் சுருக்கம் அது. பெரும்பாலும் மேற்கு ஜாவாவின் கூனிங்கான் பக்கத்துக்காரர்கள் நடத்துகிறார்கள். இன்று கஞ்சியைவிட இன்டோமி நூடுல்ஸ்தான் அதிகம் விற்கிறது. மாதக் கடைசியில் முட்டை போடாமல் கேட்பார்களாம். போட்டுக் கேட்டால் வீட்டிலிருந்து பணம் வந்துவிட்டது என்று கடைக்காரருக்குத் தெரியும்.

ஏழாம் நாள், வியாழன், அக்டோபர் 30. யோக்யகார்த்தா

மாலியோபோரோ கடைத்தெருவில் பகலைக் கழித்தோம். அதைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. எல்லோரும் வாங்குகிற பாத்திக் துணியை நாங்களும் வாங்கினோம்.

இரவு துகு ரயில் நிலையத்தின் வடக்கே அங்க்ரிங்கான். தள்ளுவண்டி, மேலே தார்ப்பாய், கரியடுப்பில் மூன்று கெட்டில். நடைமேடை நெடுக ஓலைப்பாய் விரித்திருக்கிறார்கள். 'பூனைச் சோறு' என்ற ஒன்று இருக்கிறது: வாழையிலையில் ஒரு பிடிச் சோறு, நடுவில் கொஞ்சம் மிளகாய்ச் சம்பால், அதில் ஒரு துண்டு மீன். பூனைக்கு வைக்கும் அளவு என்பதால் அந்தப் பெயர். தேவையானதை நீங்களே எடுத்துக்கொள்ள வேண்டும். காப்பி கேட்டால், கண்ணாடிக் குவளையில் காப்பியை ஊற்றி, அடுப்பிலிருந்து கனலக் கனல ஒரு கரித்துண்டை இடுக்கியால் எடுத்து அதற்குள் போடுகிறார். 'ஜோஸ்' என்று சத்தம். காப்பியின் பெயரே அந்தச் சத்தம்தான். நுரை அடங்கியதும் கரி கறுப்பாக மிதக்கிறது. குடித்தால் மண் அடுப்படி வாசம்.

எங்கள் பாயில் ஐந்து மாணவர்கள் இருந்தார்கள், அதில் மூவர் பெண்கள். வியாழன் இரவு என்பது இவர்களுக்கு வெள்ளியின் இரவு, பேய்க்கதை சொல்லும் இரவு. தங்கள் கோஸின் கிணற்றடியில் வெள்ளைத்துணிப் பெண் நிற்பதாக ஒருத்தி சொல்லி முடிப்பதற்குள் தெருப்பாடகன் ஒருவன் வந்தான். கழுத்தில் கிட்டார். கிட்டாரின் முதுகில் பணம் அனுப்பும் க்யூ.ஆர். குறி ஒட்டியிருந்தது. அவன் எடுத்த எடுப்பிலேயே பேய் ஓடிவிட்டது. ஐந்து பேரும் சேர்ந்து பாடினார்கள், கண்ணை மூடிக்கொண்டு, ஜாவா மொழியில்.

டிடி கெம்போட்டின் பாட்டு. சோலோ நகரத்துக்காரர். பெயரில் இருக்கும் கெம்போட், 'நடைமேடைப் பாடகர் குழு' என்பதன் சுருக்கம். அவரே தெருவில் பாடிப் பிழைத்தவர். ரயில் நிலையத்தில் வருவேன் என்று வராமல் போனவள், பஸ் நிலையத்தில் காத்திருந்தவன், செமாரங் துறைமுகத்தில் கையசைத்த பிரிவு என்று ஊரூராகப் பெயர் சொல்லி அழும் பாட்டுகள். அப்பாக்களின் பாட்டு என்று ஒதுங்கிக் கிடந்தவை, 2019-இல் திடீரென்று பிள்ளைகளைப் பிடித்துக்கொண்டன. அவரை 'உடைந்த இதயங்களின் ஞானத்தந்தை' என்றார்கள். தங்களை 'சோபாட் அம்ப்யார்', நொறுங்கியவர்களின் நட்புக் கூட்டம். அழுகிறார்கள், ஆனால் தாளம் ஆடுகிற தாளம். அடுத்த ஆண்டு மே 5 அன்று, 53 வயதில் அவர் இறந்தார். கரோனா காலம், கூடி அழவும் முடியாமல் போனது.

"அழுகிற பாட்டுக்கு ஏன் ஆடுகிறீர்கள்?" என்று அண்ணன் மகள் கேட்டாள்.

"உட்கார்ந்து அழுதால் காப்பி ஆறிவிடும்" என்றான் ஒருவன்.

அவள் எழுந்து ஆடினாள். கிம் சட்டை, திருப்பூர்ப் பனியன், கீழே இன்று வாங்கிய பாத்திக். நான் கோவில்பட்டிக் கடலை மிட்டாய்ப் பொட்டலத்தைப் பிரித்துப் பாயின் நடுவில் வைத்தேன். ஒருத்தி கடித்துப் பார்த்து "அம்ப்யாங்" என்றாள். இங்கேயும் பனைவெல்லத்தில் கடலை போட்டுச் செய்கிறார்களாம். நம்முடையதைவிட அது மெதுவாக இருக்கும் என்றாள், என்னுடைய பல்லைப் பார்த்துக்கொண்டே.

மணி பதினொன்றரை. என் முழங்கால் இரண்டும் எப்போதோ மரத்துவிட்டன. ஆனாலும் எழுந்திருக்க மனம் வரவில்லை. டீக்கடை பெஞ்சில் ஒரு முறைகூட உட்கார்ந்திராதவள் நான். கோவில்பட்டியில் என் அண்ணன் தினமும் உட்கார்ந்த பெஞ்சு எங்கள் வீட்டு வாசலிலிருந்து பார்த்தால் தெரியும்.

கணக்குக் கேட்டேன். இங்கே நாம் தின்றதை நாமே எண்ணிச் சொல்ல வேண்டும். மூன்று பூனைச் சோறு, இரண்டு காப்பி என்றேன். "அத்தை நான்கு சாப்பிட்டது" என்று ஆடிக்கொண்டிருந்தவள் அங்கிருந்தே கத்தினாள். கடைக்காரர் சிரித்துக்கொண்டு நான்கு விரலைக் காட்டினார். "மத்துர் நுவுன், ம்பாக்" என்றார். நன்றி, அக்கா.

பையை எடுத்துக்கொண்டு திரும்பினால், நான் எழுந்த இடத்தில் வேறொரு பெண் செருப்பைக் கழற்றிவிட்டு உட்கார்ந்துகொண்டிருந்தாள்.